விடை வேறொரு பொட்டலத்தில்

எங்கள் வீட்டில் யாரும் வாரப் பத்திரிகை வாங்கியதில்லை. ஆனாலும் எல்லாப் பத்திரிகைகளும் வீட்டுக்கு வந்தன. கோட்டுச்சேரிக் கடைத்தெரு மளிகைக்காரர் பழைய பத்திரிகைகளை எடைக்கு வாங்கி, தாள் தாளாகக் கிழித்துத்தான் சாமான் மடித்துக் கொடுப்பார். துவரம்பருப்பில் அரசியல் வரும். மிளகாய் வற்றலில் சினிமா வரும். வெந்தயத்தில் ராசிபலன். அம்மா பருப்பை டப்பாவில் கொட்டி, நூலை உருண்டையில் சுற்றி வைத்துவிட்டு, தாளைத் தரையில் போட்டு உள்ளங்கையால் நீவி, அங்கேயே உட்கார்ந்து படிக்க ஆரம்பிப்பாள். அந்த நேரத்தில் அடுப்பில் பால் பொங்கினால் நாங்கள்தான் ஓட வேண்டும்.

கதையும் தொடரும் அவளுக்கு வேண்டாம். "பாதியில வந்து பாதியில போறது எனக்கு எதுக்கு?" என்பாள். அவளுக்கு வேண்டியது துணுக்கு. பக்கத்தின் ஓரத்தில், விளம்பரத்துக்கும் கதைக்கும் நடுவில் மீந்த இடத்தில், கட்டம் கட்டிப் போட்டிருப்பார்களே, அது. எட்டாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவள் அம்மா. விட்டதை எல்லாம் பொட்டலத்தில் பிடித்துவிடுவது என்று தீர்மானித்திருந்தாள் போல.

அதனால் எங்கள் வீட்டில் எந்தப் பேச்சும் நேராகப் போகாது. வாழைப்பழத்தை உரித்தால், தாவர சாஸ்திரப்படி அது திராட்சை வகையில் சேரும் என்பாள். வெயில் என்று அப்பா முகத்தைத் துடைத்தால், பாரிஸில் இருக்கிற ஈஃபில் கோபுரம் கோடையில் அரையடி வளரும் என்பாள். வெள்ளிக் கிரகத்தில் ஒரு வருஷத்தைவிட ஒரு நாள் பெரியது என்று அவள் சொன்ன அன்றைக்கு எனக்குக் கணக்குப் பரீட்சை. அந்தக் குழப்பத்திலிருந்து நான் மீள்வதற்குள் மணி அடித்துவிட்டது. கோட்டுச்சேரிமேட்டிலிருந்து மீன் கொண்டுவரும் அம்மாளிடம், கணவாய்க்கு மூன்று இதயம் உண்டு என்று ஒருநாள் சொன்னாள். அந்த அம்மாள் கூடையை இறக்கி வைத்துவிட்டு, "மூணு இருந்து என்னங்க, நீங்க ஒரு வெலதானே குடுக்குறீங்க" என்றார். அப்பாவிடம் எதைச் சொன்னாலும் பதில் ஒன்றுதான்: "அப்படியா." அவர் சைக்கிள் கடை வைத்திருந்தார். பஞ்சரானதைத் தவிர வேறெதையும் அவர் நம்பியதாகத் தெரியவில்லை.

பொட்டலப் படிப்பில் ஒரு தொல்லை உண்டு. தாள் எங்கே கிழிகிறதோ அங்கே அறிவும் நின்றுவிடும். "பனிக்கரடியின் தோல் உண்மையில் கறுப்பு நிறம். அதன் ரோமமோ..." அவ்வளவுதான். ரோமம் என்னவென்று தெரியாமல் நாங்கள் வளர்ந்தோம். அக்காவும் நானும் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்போம். அம்மாவுக்கு அது சிரிப்பில்லை. உண்மையாகவே தவிப்பாள்.

அப்படி அவளை ரொம்பத் தவிக்க வைத்தது ஒரு கேள்வி. எழுபதுகளின் கடைசி இருக்கும். கடலைப்பருப்புப் பொட்டலத்தில் வந்தது. "பிரான்ஸ் நாட்டின் மிக நீளமான தரை எல்லை எந்த நாட்டுடன் அமைந்துள்ளது? விடை அடுத்த பக்கம்." அடுத்த பக்கம் யார் வீட்டு உளுந்தோடு போயிற்றோ. அம்மா கடைக்கே போய்க் கேட்டாள். மளிகைக்காரர் தராசைப் பிடித்துக்கொண்டே, "அக்கா, எனக்கு அரிசி வெல கேளுங்க சொல்றேன்" என்றார்.

வேறு ஊரென்றால் இந்தக் கேள்வி அதோடு போயிருக்கும். காரைக்காலில் போகாது. எங்கள் பக்கத்தில் பிரான்ஸ் என்பது வெறும் வெளிநாடு இல்லை. அங்கிருந்து மாதாமாதம் பென்ஷன் வாங்கும் வீடுகள் இருந்தன. பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்து ஓய்வு பெற்றவர்களை ஊரில் சொல்தா என்பார்கள். அப்பாவின் கடைக்கு வரும் ஒரு சொல்தாவை அம்மா கேட்கச் சொன்னாள். அவர் ஸ்பெயின் என்றார். இன்னொருவர் அதெல்லாம் இல்லை, பெல்ஜியம் என்றார். இரண்டு பேரும் அப்பாவின் கடை பெஞ்சில் உட்கார்ந்து ஒரு மணி நேரம் சண்டை போட்டார்கள். என் பள்ளிக்கூட அட்லஸில் நூலை வைத்து அளந்து பார்த்த அம்மா, ஸ்பெயின்தான் என்று அரைமனதாக முடிவு செய்தாள். "ஆனா அதுக்குப் போய் கேள்வி கேப்பாங்களா? படத்தைப் பாத்தாலே தெரியுதே" என்று அவளுக்கு உள்ளுக்குள் ஓர் உறுத்தல் இருந்துகொண்டே இருந்தது.

வருஷங்கள் ஓடின. நான் பத்தாம் வகுப்புக்கு வந்தேன். அக்காவுக்கு மாப்பிள்ளை பார்த்தார்கள். காரைக்கால் டவுனில் ஒரு சொல்தா வீடு. பெரியவர் ஓய்வு பெற்று ஊரோடு வந்துவிட்டவர். பையனும் பிரெஞ்சுப் பட்டாளத்திலேயே வண்டி மெக்கானிக். பிரெஞ்சுக் குடியுரிமை, சர்க்கார் சம்பளம். சைக்கிள் கடைக்காரர் பெண்ணுக்கு இப்படி ஒரு இடமா என்று தெருவே வாயைப் பிளந்தது.

மாப்பிள்ளை லீவில் வந்திருந்தபோது நிச்சயம் நடந்தது. நிச்சயத்துக்கு மறுநாள் அவர் அப்பாவின் கடைக்கு வந்தார். காற்றடிக்கும் கம்ப்ரஸர் வெகுநாளாகப் படுத்துக் கிடந்தது. சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு, அதைப் பிரித்துப் போட்டு, மத்தியானத்துக்குள் ஓட வைத்துவிட்டார். அப்பா அன்றைக்கு வீட்டுக்கு வந்து தானாகவே இரண்டு வாக்கியம் பேசினார். சாப்பாடு கொண்டுபோன சாக்கில் அக்கா அங்கே அரைமணி நின்றிருக்கிறாள். திரும்பி வந்தவள் தூக்கில் மீந்திருந்த ரசத்தை மோரென்று நினைத்துக் குடித்தாள். அதற்குமேல் எனக்கு ஒன்றும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

கல்யாணம் வைகாசியில், அவருக்கு அடுத்த லீவு கிடைக்கும்போது. அதுவரைக்கும் அம்மாவுக்கு ஒரு புது விளையாட்டு கிடைத்தது. நமக்கும் பிரான்சுக்கும் குளிர்காலத்தில் நாலரை மணி நேர வித்தியாசம் என்பது அவளுக்கு ஏதோ ஒரு கொத்தமல்லிப் பொட்டலத்தில் கிடைத்த அறிவு. அதை வைத்து அக்காவைச் சீண்டுவாள். "இப்ப அங்க பத்தரை. மாப்பிள்ளை வேலையில இருப்பாங்க." "இப்ப அங்க மத்தியானம் ஒண்ணு. சாப்பிடுவாங்க." அக்கா காது கேளாதவள் மாதிரி முறத்தில் அரிசியைப் புடைத்துக்கொண்டிருப்பாள். ஆனால் அம்மா சொல்ல மறந்த நாளில் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு விரலை மடக்குவாள். நான் பார்த்திருக்கிறேன்.

தீபாவளிக்குப் பலகாரத்தோடு வந்த பெரியவர், பேச்சுவாக்கில், "பையனுக்கு மாத்தலாயிருக்கு. பிரான்சுக்குள்ளதான்" என்றார். அம்மா, குளிர் இன்னும் ஜாஸ்தியான ஊரோ என்று கவலைப்பட்டாள். அந்தக் கவலையில் ஸ்வெட்டர் பின்ன ஆரம்பித்தாள். எங்கள் ஊரில் ஸ்வெட்டர் பின்னத் தெரிந்தவர்கள் யார்? கான்வென்ட் டீச்சர் ஒருவரிடம் போய்க் கற்றுக்கொண்டு வந்து, கத்தரிப்பூ நிறத்தில் ஒன்றைத் தொடங்கினாள். அக்கா பிரான்சுக்குப் போய் இறங்கும்போது போட்டுக்கொள்ளவாம். மார்கழிப் பனிக்குக்கூடத் தலையில் துண்டைப் போர்த்தினால் போதும் என்றிருக்கும் ஊரில், வியர்க்க வியர்க்க உட்கார்ந்து கம்பளி பின்னினாள் அம்மா.

பொங்கலன்று நாலு மணிக்கு மாப்பிள்ளை போனில் பேசுவார் என்று பெரியவர் சொல்லி அனுப்பியிருந்தார். அப்பாவின் கடைக்குப் பக்கத்து மருந்துக் கடையில் போன் இருந்தது. புதுச் சேலையில் அக்காவும், காவலுக்கு அம்மாவும், வேடிக்கைக்கு நானும் போனோம். சரியாக நாலு மணிக்கு மணி அடித்தது. அக்கா பேசினாள் என்று சொல்வதைவிட "ம்" கொட்டினாள் என்று சொல்லலாம். நடுவில் ஒருமுறை சிரித்தாள். அதற்குள் லைன் போய்விட்டது.

வீட்டுக்கு வரும் வழியிலேயே அம்மா விசாரணையைத் தொடங்கிவிட்டாள்.

"என்னடி சொன்னாங்க?"

"பொங்கல் வாழ்த்து சொன்னாங்க."

"அப்புறம்?"

"இப்பத்தான் பொழுது விடிஞ்சுதாம். காபி குடிச்சிட்டு வந்து பேசுறாங்களாம். நீ ஸ்வெட்டர் பின்னுறேன்னு சொன்னேன். சிரிச்சாங்க. இங்க எதுக்கு ஸ்வெட்டர், வேர்த்து ஊத்துதுன்னு கிண்டல் பண்ணுனாங்க."

அம்மா நடப்பதை நிறுத்தினாள். நடுத்தெருவில் நின்று விரலை மடக்கினாள். நாலிலிருந்து நாலரை போனால் பதினொன்றரை. பிரான்சில் அப்போது பகல் பதினொன்றரையாக இருந்திருக்க வேண்டும். பதினொன்றரைக்கு எந்த ஊரில் பொழுது விடிகிறது? தை மாதத்தில், அந்தக் குளிரில், யாருக்கு வியர்க்கிறது?

"விளையாட்டுக்குச் சொல்லியிருப்பாங்கம்மா" என்றாள் அக்கா. அவள் குரல் ஏற்கனவே சின்னதாகிவிட்டிருந்தது.

அம்மாவின் பயம் காரணமில்லாமல் வந்ததில்லை. எங்களுக்கு அடுத்த தெருவில் ஒரு பெண் இருந்தாள். பாரிஸில் வேலை என்று சொல்லிக் கல்யாணம் செய்துகொண்டு போனவன், டிக்கெட் அனுப்புகிறேன் என்றான். டிக்கெட்டும் வரவில்லை, அவனும் வரவில்லை. அந்தப் பெண் கோயிலுக்கு வரும்போதெல்லாம் பெண்கள் பேச்சை நிறுத்திவிட்டுப் பிறகு தொடர்வார்கள். அக்காவுக்கு அப்படி ஆகிவிடுமோ என்பதுதான் அம்மாவின் பயம். எனக்கும் அதே பயம்தான். அக்காவைக் கேலி செய்வதற்கென்றே பிறந்தவள் நான். அன்று எனக்கு ஒரு கேலியும் வரவில்லை.

பொங்கல் பானையைக் கழுவாமல் போட்டுவிட்டு அம்மா என் அட்லஸை எடுத்து வரச் சொன்னாள். பூமி ஒரு டிகிரி சுழல நாலு நிமிஷம் ஆகும் என்பது அவளுக்கு மனப்பாடம். இங்கே நாலு மணி. அங்கே விடிந்து கொஞ்ச நேரம், ஏழு என்று வைத்துக்கொள்வோம். ஒன்பது மணி நேர வித்தியாசம். எத்தனை டிகிரி என்று அவள் சொல்ல, மேற்கே நகர்த்தி அந்தக் கோட்டில் என் விரலை வைத்தேன். மேலிருந்து கீழே இழுத்தேன். முதலில் கிரீன்லாந்து. "அங்க யாருக்கும் வேர்க்காது. கீழ வா" என்றாள் அம்மா. அப்புறம் முழுக்கக் கடல். அப்புறம் கரை ஏறி விரல் போய் நின்ற பெரிய பச்சை நிறத்தில் கொட்டை எழுத்தில் போட்டிருந்தது: பிரேசில்.

நாங்கள் மூன்று பேரும் அதையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

"பிரேசில்ல அவருக்கு என்ன வேலை?" என்றாள் அம்மா.

அப்பா கடையிலிருந்து வந்ததும் எல்லாவற்றையும் சொன்னோம். அவர் "அப்படியா" என்று சொல்லவில்லை. சட்டையைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்துவிட்டார். கல்யாணப் பத்திரிகை அடிக்கக் கொடுத்திருந்ததை நிறுத்தி வைக்கச் சொல்லலாமா என்று கேட்டார். அந்தக் கேள்வியில்தான் எனக்கு விஷயம் முழுதாக உறைத்தது.

மறுநாள் மாட்டுப் பொங்கல் என்றும் பாராமல் அம்மாவும் அப்பாவும் டவுனுக்குக் கிளம்பினார்கள். அட்லஸைத் தூக்கிக்கொண்டு நானும். அக்கா வாசல்படியில் வந்து நின்று அம்மாவிடம் ஒன்றுதான் சொன்னாள்:

"அவங்க என்னை வேணாம்னு சொன்னா சரி. நீங்களாப் போய் வேணாம்னு சொல்லிட்டு வந்தீங்கன்னா, நான் உங்கக்கூடப் பேச மாட்டேன்."

அப்பா தலையைக் குனிந்துகொண்டு பஸ் நிறுத்தத்தைப் பார்த்து நடந்தார்.

பெரியவர் வீட்டுக் கூடத்தில் பட்டாள உடுப்பில் அவருடைய பழைய போட்டோ ஒன்று மாட்டியிருக்கும். அதன் கீழேதான் உட்கார்ந்தோம். எதைச் சொல்வதற்கு முன்பும் "அலோர்" என்று ஒரு பிரெஞ்சுச் சொல்லைப் போட்டுத் தொண்டையைச் செருமுவது அவர் வழக்கம்.

"அலோர், வாங்க சம்பந்தி. பையன் பேசுனானா?"

அப்பா அம்மாவைப் பார்த்தார். அம்மா, "அண்ணே, ஒண்ணு கேப்பேன், கோவிச்சுக்கக் கூடாது. மாப்பிள்ளை எங்க இருக்காங்க?" என்றாள்.

"பிரான்ஸ்ல."

"பிரான்ஸ்லயேதானா?"

"என்ன தங்கச்சி இப்படிக் கேக்குறீங்க?"

அம்மா சொன்னாள். நாலு மணிக்கு போன் வந்தது, அங்கே விடிந்திருந்தது, வியர்த்தது, ஒரு டிகிரிக்கு நாலு நிமிஷம், கிரீன்லாந்து கழிந்தது, எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னாள். கடைசியில், "மனுசங்க மாத்திப் பேசலாம், சூரியன் மாத்தி உதிக்காதுல்லண்ணே? மாப்பிள்ளை பிரேசில்ல இருக்காங்க" என்று முடித்தாள்.

சமையல்கட்டிலிருந்து காபியோடு வந்த பெரியவரின் மனைவி அப்படியே நின்றுவிட்டார். பெரியவர் முகம் சிவந்துவிட்டது.

"எம் பையன் பட்டாளத்தை விட்டு ஓடிட்டான்னு சொல்றீங்களா?"

ஒரு சொல்தாவிடம் இதைவிடப் பெரிய வசவு இருக்க முடியாது. அது அம்மாவுக்கு அப்போதுதான் தெரிந்திருக்க வேண்டும். அப்பாதான் பேசினார்.

"அப்படிச் சொல்லலீங்க. எங்க பொண்ணு நேத்துலேருந்து ஒண்ணும் சாப்பிடல..." துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார்.

பெரியவர் எழுந்தார். விறுவிறுவென்று உள்ளே போய்விட்டார். எல்லாம் முடிந்தது என்றுதான் நான் நினைத்தேன். காபி ஆறிக்கொண்டிருந்தது. அக்காவிடம் யார் போய்ச் சொல்வது, நான் சொல்ல மாட்டேன், அம்மாவே சொல்லட்டும் என்றெல்லாம் மனசுக்குள் ஓடியது.

அவர் திரும்பி வந்தார். கண்ணாடி எடுக்கப் போயிருக்கிறார்.

"அந்தப் புஸ்தகத்தைக் குடு பாப்பா."

பக்கத்தைத் தேடிப் பிரித்து என் பக்கமாகத் திருப்பினார். நான் விரல் வைத்த அதே கோடு. பிரேசிலுக்கு மேலே, கடலோரமாக, என் கட்டைவிரல் நகம் அளவுக்கு ஒரு துண்டு நிலம். பெயரை உள்ளே போட இடமில்லாமல் கடலில் பொடி எழுத்தில் போட்டிருந்தார்கள். முந்தின நாள் என் விரல் அதன் மேலேயே ஊர்ந்து கீழே போயிருக்கிறது. அட்லஸ்காரர் அதற்குப் பிரான்சுக்குப் பூசிய அதே ஊதாவைத்தான் பூசியிருந்தார். அதைக்கூட நாங்கள் கவனிக்கவில்லை.

"பிரெஞ்சுக் கயானா. இங்கதான் இருக்கான்."

"கயானா வேற நாடுல்லண்ணே?"

"அது அந்தாண்ட இருக்கிற கயானா. இது பிரான்ஸ். காலனி கீலனி இல்ல. பிரான்சோட ஒரு ஜில்லா. அங்க பிராங்க்தான் செல்லும். பிரான்ஸ் எலெக்சன்ல ஓட்டுப் போடுவாங்க."

"கடலைத் தாண்டி, எங்கேயோ ஒரு மூலையில..." அம்மாவால் நம்ப முடியவில்லை. "அது எப்படிண்ணே பிரான்ஸ் ஆகும்?"

"மாஹே எங்க இருக்கு தங்கச்சி?"

"கேரளாவுக்குள்ள."

"ஏனாம்?"

"ஆந்திராவுல."

"அது ரெண்டும் எந்த ஸ்டேட்டு?"

"நம்ம ஸ்டேட்டு" என்றாள் அம்மா. எங்கள் பாண்டிச்சேரி மாநிலம் நாலு துண்டாக இரண்டு கடலோரத்தில் கிடக்கிறது என்பது அவள் ஊருக்கெல்லாம் சொல்லி மகிழும் துணுக்கு. நாங்கள் இருக்கும் காரைக்காலே தமிழ்நாட்டுக்குள் மாட்டிக்கொண்ட ஒரு துண்டுதான். எந்தப் பக்கம் பஸ் ஏறினாலும் கொஞ்ச நேரத்தில் மாநிலம் மாறிவிடும். அப்படிப்பட்ட ஊரில் பிறந்து வளர்ந்துவிட்டு, ஒரு நாடு துண்டாக இருக்கக் கூடாதா என்று நாங்கள் யோசிக்கவே இல்லை.

"அதை மாத்தலானப்பவே வெவரமா சொன்னா என்னவாம்?" என்று பெரியவரின் மனைவி காபியை வைத்துக்கொண்டே அவர் மேல் பாய்ந்தார். "பிரான்சுக்குள்ள, பிரான்சுக்குள்ளன்னு மொட்டையா."

"பிரான்ஸ்னா பிரான்ஸ்தானே? நான் பொறந்ததே பிரான்ஸ்லதான்" என்றார் பெரியவர். "இதே தெருவுல."

அவர் உண்மையாகவே அப்படித்தான் நினைத்திருந்தார். அவர் பிறந்தபோது காரைக்காலில் பிரெஞ்சுக் கொடி பறந்தது. சொல்தாக்கள் தலைமுறையாக எங்கெங்கோ கடல் தாண்டிப் போனார்கள். போன இடத்தையெல்லாம் வீட்டில் ஒரே பெயரில் சொல்லிப் பழகிவிட்டார்கள். எங்களுக்கோ பிரான்ஸ் என்றால் பாரிஸ், கோபுரம், பனி.

அம்மா அட்லஸைத் தன் மடிக்கு இழுத்துக்கொண்டாள். அந்த ஊதாத் துண்டையும் கீழே இருக்கும் பெரிய பச்சையையும் மாறி மாறிப் பார்த்தாள். எனக்குத் தெரிந்துவிட்டது. வேண்டாம் அம்மா, இப்போது வேண்டாம் என்று நான் அவள் முழங்கையைக் கிள்ளினேன். கேட்டால்தானே.

"அண்ணே. இந்த எடத்தைத் தாண்டுனா பிரேசிலா?"

"ஆமா. நடுவுல ஆறு. அக்கரை பிரேசில்."

"அப்போ பிரான்சோட நீளமான எல்லை எந்த நாட்டோட?"

பெரியவர் முகத்தில் அன்றைக்கு முதல்முறையாகச் சிரிப்பு வந்தது. "இதையா கேக்குறீங்க? புதுசா பட்டாளத்துக்கு வர்ற பசங்களை இதைக் கேட்டுத்தானே மடக்குவோம். எல்லாப் பயலும் ஸ்பெயின்னுதான் சொல்லுவான். பிரேசில்தான் தங்கச்சி."

அம்மா சிரித்தாள். சிரித்துக்கொண்டே இருந்தவள் திடீரென்று முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். அத்தனை வருஷம் காணாமல் போயிருந்த அடுத்த பக்கம், கல்யாணத்தை முறிக்கப் போன வீட்டில் கிடைத்தது. பெரியவர் பயந்துபோய், "என்னாச்சு, என்னாச்சு" என்றார். "ஒண்ணுமில்லீங்க, ஒரு கடலைப்பருப்பு விசயம்" என்றார் அப்பா. அவர் கேலி பேசி நான் கேட்டது அது ஒருமுறைதான்.

அதோடு முடிந்திருந்தால் அது அம்மா இல்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு, "ஏண்ணே, கைதிங்களைக் கொண்டுபோய் அடைச்ச தீவு இந்தப் பக்கம்தானே?" என்றாள். எந்தப் பொட்டலத்தில் வந்ததோ. பெரியவர் அதற்கும் அசரவில்லை. "அதை மூடி எவ்வளவோ காலமாச்சு. இப்ப அங்கேருந்து ராக்கெட்டு விடுறாங்க. பூமியோட நடுக்கோட்டுக்குப் பக்கத்துல இருக்கிறதால, பூமி சுத்துற வேகமே ராக்கெட்டைத் தூக்கி விடுமாம். ராக்கெட்டுக்குக் காவல் பட்டாளம். பட்டாளத்து வண்டிக்கு நம்ம பையன்."

அப்போது அப்பா, "அப்படியா" என்றார். எனக்கு உயிரே வந்தது. எல்லாம் பழையபடி ஆகிவிட்டது என்பதற்கு அதைவிடப் பெரிய அத்தாட்சி எங்கள் வீட்டில் கிடையாது.

ஆறிப்போன காபியை மறுபடி சுடவைத்துக் கொடுத்தார்கள். அப்படி ஒரு காபியை நான் அதற்கு முன்னும் குடித்ததில்லை, பின்னும் குடித்ததில்லை. உண்மையில் அதில் சர்க்கரைகூடப் போட மறந்திருந்தார்கள். திரும்பும்போது பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து, கொம்புக்கு வர்ணம் பூசின மாடுகளைப் பார்த்துக்கொண்டே வந்தோம்.

அக்கா வாசலிலேயே நின்றிருந்தாள். அம்மா தெருமுனையிலிருந்தே கையை ஆட்டிக் கத்தினாள்: "ஏடி, பிரான்சோட நீளமான எல்லை பிரேசிலோடயாம்டி!" அக்காவுக்கு ஒன்றும் புரியவில்லை. முகம் இன்னும் வெளுத்தது. அப்பாதான் வேகமாக முன்னால் போய், "கல்யாணம் நடக்கும்மா. மாப்பிள்ளை நல்லா இருக்காரு" என்றார். அக்கா அவர் தோளில் முகத்தை வைத்துக்கொண்டு விட்ட மூச்சு எனக்குத் தெருவில் கேட்டது.

சாயங்காலம் அவளே எழுந்து முந்தின நாள் பானையைக் கழுவினாள். கழுவிக்கொண்டே என்னிடம் மெதுவாகக் கேட்டாள்: "அப்போ இத்தன நாளா அவங்க தூங்குறாங்கன்னு நாம நெனச்சப்பல்லாம், அவங்க சாப்பிட்டுக்கிட்டு இருந்தாங்களாடி?" எனக்கு அன்றைக்குக் கேலி திரும்ப வந்துவிட்டது. அதை இங்கே எழுத முடியாது.

வைகாசியில் கல்யாணம் நடந்தது. கத்தரிப்பூ ஸ்வெட்டருக்கு அந்த ஊரில் வேலையில்லை என்றாகிவிட்டதால், அம்மா அதைப் பிரித்துப் பெரியவர் அளவுக்குப் பின்னிக் கொடுத்தாள். அடுத்த மார்கழியில் அவர் அதைப் போட்டுக்கொண்டு விடியற்காலையில் கடற்கரைக்கு நடக்கப் போனார். பார்த்தவர்கள் கேட்டால், சம்பந்தியம்மா பின்னியது என்று சொல்லிவிட்டு, பிரான்சின் நீளமான எல்லை எது தெரியுமா என்று அவரும் ஆரம்பித்துவிடுவாராம்.

கல்யாணமாகிச் சில மாதங்களில் அத்தானோடு அக்காவும் போய்விட்டாள். பம்பாய் வரைக்கும் ரயிலில் கொண்டுபோய் விட்ட அப்பா, தனியாகத் திரும்பி வந்தார். போய்ச் சேர்ந்தார்களா என்று தெரியாமல் இரண்டு மூன்று நாள் வீட்டில் யாருக்கும் சோறு இறங்கவில்லை. அப்புறம் மருந்துக் கடைக்காரர் ஆள் அனுப்பினார். நாலு மணிக்குப் பேசுவார்களாம்.

இந்தமுறை அம்மாவே ரிசீவரை எடுத்தாள். நான் பக்கத்தில் காதை ஒட்டிக்கொண்டு நின்றேன்.

"அம்மா, வந்து சேந்துட்டோம்மா. நல்லா இருக்கேன். இங்க நம்ம ஊரு மாதிரியே மழை. வீட்டுக்குப் பின்னால வாழை இருக்கு, மரவள்ளி இருக்கு..."

அம்மா எதையும் காதில் வாங்கினதாகத் தெரியவில்லை. "அதெல்லாம் இருக்கட்டும். இப்ப அங்க மணி என்னடி?" என்றாள்.

"ஏழரைம்மா. இப்பத்தான் காபி போட்டேன்."

அம்மா மருந்துக் கடைச் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். ரிசீவரைப் பிடிக்காத கையில் ஒவ்வொரு விரலாக மடக்கினாள். எட்டரை மணி நேரம், பெரியவர் சொல்லியிருந்த அதே கணக்கு.

"சரியா இருக்கு" என்றாள். அப்புறம்தான் அங்கே போட்டிருந்த ஸ்டூலில் உட்கார்ந்தாள்.